பெட்டியின் மேல் கணவர் பெயர், உள்ளே ஜீனா ரோலண்ட்ஸ்

அமெரிக்க நடிகை ஜீனா ரோலண்ட்ஸ் 2024 ஆகஸ்ட் 14 அன்று 94 வயதில் இறந்தபோது என் கண்ணில் பட்ட இரங்கல் குறிப்புகளில் பல, 'தி நோட்புக்' படத்தில் நினைவு தப்பிப்போன அந்த வயதான பெண்மணி என்றுதான் அவரை அறிமுகப்படுத்தின. தப்பில்லை. 2004 இல் வந்த அந்தப் படத்தைத்தான் நிறையப் பேர் பார்த்திருக்கிறார்கள், அதை இயக்கியதும் அவருடைய மகன் நிக் கசாவெட்டிஸ். ஆனால் அதோடு நின்றுவிட்டவர்கள் ஒரு பெரிய கச்சேரியின் மங்களத்தை மட்டும் கேட்டவர்கள். ராகம் தானம் பல்லவி எல்லாம் அதற்கு முப்பது வருஷம் முன்னாலேயே பாடியாகிவிட்டது. அதை எங்கே போய்க் கேட்பது என்று விசாரிப்பவர்களுக்கு நான் காட்டுவது ஒரே ஒரு பெட்டியைத்தான்.

முக்கியமான படங்களை டிஸ்க்கில் வெளியிடும் க்ரைடீரியன் நிறுவனம் போட்ட 'ஜான் கசாவெட்டிஸ்: ஃபைவ் ஃபிலிம்ஸ்'. 2004 இல் எட்டு டிவிடிகளாக வந்தது, 2013 இல் ஐந்து ப்ளூ-ரேக்களாக மறுபடி வந்தது. என்னிடம் இருப்பது ப்ளூ-ரே. உள்ளே 'ஷேடோஸ்' (1959), 'ஃபேசஸ்' (1968), 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்' (1974), 'தி கில்லிங் ஆஃப் எ சைனீஸ் புக்கி' (1976), 'ஓப்பனிங் நைட்' (1977). ஐந்துமே ஸ்டுடியோக்களின் பணம் இல்லாமல் எடுத்தவை. தலைப்பில் இருப்பது இயக்குநர் பெயர் மட்டும். ஆனால் ஐந்தில் மூன்று படங்களைத் தூக்கி நிறுத்துவது அவருடைய மனைவி ஜீனா, அந்த மூன்றும்தான் இந்தப் பெட்டியின் கனம். இயக்குநரின் செட் என்று நினைத்து வாங்கினேன், இன்று யாராவது கேட்டால் நடிகையின் செட் என்றுதான் சொல்லி வாங்கச் சொல்கிறேன். கசாவெட்டிஸ் மேல் மதிப்புக் குறைவால் அல்ல. இவர் என்ன செய்வார் என்று தெரிந்துதான் அவர் அந்தப் பாத்திரங்களையே எழுதினார்.

வாங்கியவர்கள் தயவுசெய்து வருஷ வரிசைப்படி பார்க்க ஆரம்பிக்க வேண்டாம். நான் அப்படித்தான் ஆரம்பித்தேன், இரண்டு டிஸ்க் தாண்டுவதற்குள் களைத்துப்போய்ப் பெட்டியைப் பல வாரம் அலமாரியில் வைத்துவிட்டேன். நேராக 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்' டிஸ்க்கைப் போடுங்கள். இரண்டரை மணி நேரம் ஆகும், வேறு வேலை இல்லாத ஒரு இரவாகப் பார்த்துக்கொள்ளுங்கள்.

இது முதலில் நாடகமாக எழுதப்பட்டது. இந்தக் காலத்துப் பெண்கள் படும் பாட்டைப் பற்றி ஒரு நாடகம் வேண்டும் என்று கேட்டது ஜீனாதான். எழுதி வந்ததைப் படித்துவிட்டு, வாரத்துக்கு எட்டுத் தடவை மேடையில் இதைச் செய்ய என்னால் முடியாது என்று சொல்லிவிட்டார், அதனால்தான் படமாயிற்று. பணம் போட யாரும் முன்வரவில்லை. கசாவெட்டிஸ் வீட்டை அடமானம் வைத்தார், கணவனாக நடித்த பீட்டர் ஃபால்க் ('கொலம்போ' தொடரில் வரும் அதே கசங்கிய கோட்டுக்காரர்) தன் கையிலிருந்து 5 லட்சம் டாலர் போட்டார். வேலை செய்தவர்களில் அமெரிக்கன் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் மாணவர்கள் இருந்தார்கள். படத்தில் கதாநாயகியின் அம்மாவாக வருவது ஜீனாவின் சொந்த அம்மா, மாமியாராக வருவது நிஜ மாமியார். முடித்த பிறகு விநியோகிக்கவும் ஆள் கிடைக்காமல் தியேட்டர் தியேட்டராகப் போன் போட்டு அவர்களே ஓட்டினார்கள். சுயாதீன சினிமா நடிகை என்று இன்றைக்கு யாரை வேண்டுமானாலும் சொல்லிவிடுகிறோம். இவர் விஷயத்தில் அந்த வார்த்தைக்குக் கொடுத்த விலை, குடியிருந்த வீடு.

மேபல் லாங்கெட்டி என்ற பெண். கணவன் நிக் கட்டுமான வேலை செய்யும் ஒரு மேஸ்திரி, மூன்று குழந்தைகள், லாஸ் ஏஞ்சலஸில் ஒரு சாதாரண வீடு. அவளுக்கு மனநலக் குறைவா, இல்லை அவளைச் சுற்றி இருப்பவர்களுக்கு அவளைத் தாங்கத் தெரியவில்லையா என்பதைப் படம் கடைசிவரை தீர்த்து வைப்பதில்லை, ஜீனாவும் தீர்த்து வைப்பதில்லை. அவருடைய திறமையே அங்கேதான் இருக்கிறது. பைத்தியமாக நடிப்பது சுலபம், தலையை விரித்துப்போட்டுக் கண்ணை உருட்டினால் போதும், எத்தனை படத்தில் பார்த்திருக்கிறோம். ஜீனா அந்தப் பக்கமே போகவில்லை. பள்ளிப் பேருந்துக்காகத் தெருவில் காத்திருக்கும் காட்சியைப் பாருங்கள். குழந்தைகள் வரும் சந்தோஷத்தில் மேபலால் ஒரு இடத்தில் நிற்க முடியவில்லை, குதிக்கிறாள், போகிற வருகிறவர்களிடம் மணி என்ன என்று கேட்கிறாள், அவர்கள் ஒதுங்கிப் போகிறார்கள், அவள் அவர்களைத் திட்டுகிறாள். பேருந்து வந்து நின்றதும் அந்த முகம் மலர்வதைப் பார்த்தால் நம் வீட்டிலும் இப்படி ஒரு சித்தியோ அத்தையோ இருந்தது ஞாபகம் வரும். கொஞ்சம் அதிகமாகச் சிரிக்கிறாள், கொஞ்சம் அதிகமாகக் கட்டிப்பிடிக்கிறாள் என்று பெரியவர்கள் முகம் சுளித்து ஓரங்கட்டிய ஒருத்தி.

அப்புறம் அந்த ஸ்பகெட்டி காட்சி. இரவு முழுக்க வேலை பார்த்த நிக், விடிந்ததும் கூட வேலை செய்யும் ஆட்களை எல்லாம் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு வந்துவிடுகிறான். மேபல் அத்தனை பேருக்கும் சமைத்துப் போடுகிறாள், ஒவ்வொருவர் பெயரையும் கேட்கிறாள், ஒருவர் ஓப்பரா பாட ஆரம்பிக்க அவர் வாய்க்குள் எட்டிப் பார்க்காத குறையாகப் பக்கத்தில் போய் நின்று கேட்கிறாள். இதுவரை எல்லாருக்கும் பிடித்திருக்கிறது. பிறகு கூச்சப்படும் ஒருவரை ஆட வா என்று கூப்பிடுகிறாள், விடமாட்டேன் என்கிறாள், மேஜையைச் சுற்றி இருந்த பேச்சு ஒவ்வொன்றாக அடங்குகிறது, நிக் கத்துகிறான். கத்திய அந்த நொடியில் ஜீனாவின் முகத்தைப் பாருங்கள். அழுகை இல்லை, கோபமும் இல்லை. நான் எந்த இடத்தில் கோட்டைத் தாண்டினேன் என்று தேடும் ஒரு குழந்தையின் குழப்பம் மட்டும். அந்தச் சில நொடிகளை நான் ரிமோட்டை வைத்துத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்திருக்கிறேன், எந்தத் தசை எப்போது அசைகிறது என்று இன்னும் பிடிபடவில்லை.

ஆஸ்பத்திரியிலிருந்து ஆறு மாதம் கழித்துத் திரும்பி வரும் பகுதி எனக்கு இன்னும் கஷ்டமானது. வந்திருக்கும் மேபல் மெதுவாகப் பேசுகிறாள், எதைத் தொட்டாலும் உடைந்துவிடும் என்பதுபோல் நடக்கிறாள், சுற்றி உட்கார்ந்திருக்கும் சொந்தக்காரர்கள் எல்லாரும் அவள் சரியாகிவிட்டாளா என்று பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள். அந்தக் கூட்டத்துக்கு நடுவே அவள் தன் அப்பாவிடம், எனக்காக நிற்பீர்களா என்று கேட்கிறாள். அவர் நாற்காலியை விட்டு எழுந்து நிற்கிறார். உட்காரச் சொல்லிவிட்டு மறுபடி கேட்கிறாள், மறுபடியும் எழுந்து நிற்கிறார். ஒருவருக்காக நிற்பது என்பதற்குத் தமிழிலும் அதே இரண்டு அர்த்தம் இருப்பதால் இந்த இடத்துக்கு நமக்கு யாரும் உரை சொல்லத் தேவையில்லை. ஜீனா அந்த வரியைக் கெஞ்சாமல், வலியுறுத்தாமல், தண்ணீர் கேட்பதுபோல் கேட்கிறார்.

இந்தப் படங்களைப் பற்றி எங்கே பேச்சு வந்தாலும் எல்லாம் அந்த நேரத்தில் தோன்றியதைப் பேசி எடுத்தது என்று யாராவது சொல்வார்கள். 'ஷேடோஸ்' முடிவில் இது இம்ப்ரோவைசேஷன் என்று எழுத்துப் போடுவதால் வந்த நம்பிக்கை அது. இந்தப் படமோ எழுதிவைத்த வசனத்தில் எடுத்தது. மேபல் தடுமாறுகிற தடுமாற்றம் எழுத்தாக இருந்து, பிறகு ஜீனாவின் உடம்பில் ஏறியது. இது தெரிந்த பிறகு எனக்கு அவர் மேல் மதிப்பு இரண்டு மடங்கானது. கோல்டன் குளோப் கிடைத்தது, ஆஸ்கருக்குப் பரிந்துரை கிடைத்தது, அந்த வருஷம் ஆஸ்கரை எலன் பர்ஸ்டின் வாங்கினார். எலன் பர்ஸ்டின் அருமையான நடிகை. இருந்தாலும் எனக்கு மனசு ஆறவில்லை.

ஒரு வாரம் இடைவெளி விட்டு 'ஓப்பனிங் நைட்'. மேபலைப் பார்த்த அதே வாரத்தில் பார்த்தால் இரண்டும் ஒன்றோடொன்று கலந்துவிடும், அது ஜீனாவுக்குச் செய்யும் அநியாயம். இதில் அவர் மர்ட்டில் கார்டன் என்ற புகழ்பெற்ற நாடக நடிகை. மேபல் எல்லாவற்றையும் வெளியே கொட்டுகிறவள், மர்ட்டில் எல்லாவற்றையும் கறுப்புக் கண்ணாடிக்கும் சிகரெட்டுக்கும் பின்னால் வைத்துக்கொள்கிறவள். நடை வேறு, குரல் வேறு, கை வைக்கும் இடம்கூட வேறு. வெள்ளோட்ட நிகழ்ச்சி முடிந்த ஒரு மழை இரவில் பதினேழு வயது ரசிகை ஒருத்தி கார் மோதிச் செத்துப்போகிறாள். அதிலிருந்து மர்ட்டிலுக்குத் தான் நடிக்கும் பாத்திரத்தைத் தாங்க முடியவில்லை. நாடகம் வயதாகிவிட்ட ஒரு பெண்ணைப் பற்றியது. அந்த வேஷத்தை ஒரு தடவை நன்றாகச் செய்துவிட்டால் இனி தனக்கு அந்த வேஷம் மட்டும்தான் வரும் என்று அவளுக்குத் தெரிகிறது. உனக்கு என்ன வயது என்று நாடகத்தை எழுதிய அம்மாள் (பழைய ஹாலிவுட் நட்சத்திரம் ஜோன் ப்ளாண்டெல்) கேட்கும்போது பதில் சொல்ல மறுக்கிறாள். நடிக்கும்போது ஜீனாவுக்கே நாற்பத்தைந்து தாண்டியிருந்தது. நாற்பது தாண்டிய நடிகையை அம்மா வேஷத்துக்கு அனுப்பும் வழக்கம் ஹாலிவுட்டுக்கும் உண்டு, நமக்கும் உண்டு, அதை ஒரு நடிகை தன் முகத்தை வைத்தே திரையில் போட்டு உடைத்ததை நான் வேறெங்கும் இவ்வளவு நேராகப் பார்த்ததில்லை.

கன்னத்தில் அறை வாங்கும் காட்சியை ஒத்திகையில் மறுத்து அவள் தரையில் விழுந்து கிடப்பது ஒரு பக்கம், கடைசியில் நிற்கவே முடியாத போதையில் தியேட்டருக்கு வந்து, ஊர்ந்து, எழுந்து, மேடை ஏறி, எழுதி வைத்திருந்த நாடகத்தையே கலைத்துப் போட்டுக் கூட நடிக்கும் கசாவெட்டிஸோடு சேர்ந்து சிரிப்பாக மாற்றுவது இன்னொரு பக்கம். மேடைக் காட்சிகளை நிஜமான பார்வையாளர்களை உட்கார வைத்து எடுத்தார்கள், அந்தச் சிரிப்பொலியில் அது தெரிகிறது. இந்த வேஷத்துக்கு 1978 பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி விருது கிடைத்தது. ஆனால் அமெரிக்காவில் லாஸ் ஏஞ்சலஸில் கொஞ்ச நாள் ஓடிச் சுருண்டு, கசாவெட்டிஸ் 1989 இல் இறந்த பிறகுதான், 1991 இல், அங்கே ஒழுங்காக வெளியானது. என்னைக் கேட்டால் ஜீனாவின் உச்சம் மேபல் இல்லை, மர்ட்டில். இதில் என்னோடு சண்டை போடுகிறவர்கள் நிறைய இருக்கிறார்கள்.

'ஃபேசஸ்' 16 எம்எம்மில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம், சினிமாப் பணக்காரத்தனம் ஒரு துளியும் கிடையாது. இதில் அவர் ஜீனி, காசுக்காக ஆண்களை மகிழ்விக்கும் பெண். படத்தின் நடுநாயகம் அவர் இல்லை, ஆஸ்கர் பரிந்துரைகூட லின் கார்லினுக்கும் சீமோர் கசலுக்கும்தான் போயிற்று. ஆனால் ஆரம்பத்தில் குடித்துவிட்டு ஆடிப் பாடும் இரண்டு நடுவயது ஆண்களுக்கு நடுவே அவரும் சிரித்துக்கொண்டிருக்க, ஒருவன் சட்டென்று எவ்வளவு வாங்குவாய் என்று கேட்கிறானே, அப்போது அந்தச் சிரிப்பு எங்கே போகிறது என்று கவனியுங்கள். உதட்டில் அப்படியே இருக்கிறது, கண்ணில் இல்லை. மீதிப் படம் கொஞ்சம் நீளம்தான், நான் மறைக்கவில்லை.

மற்ற இரண்டு டிஸ்க்குகளில் ஜீனாவுக்கு வேஷம் இல்லாததால் சுருக்கமாகச் சொல்கிறேன். 'ஷேடோஸ்' வரலாற்றுக்காகப் பார்க்க வேண்டியது. 'சைனீஸ் புக்கி' டிஸ்க்கில் 1976 இல் வந்த நீளமான வடிவமும் 1978 இல் வெட்டித் தொகுத்த வடிவமும் இரண்டுமே இருக்கின்றன, கதாநாயகன் பென் கஸாரா பிரமாதம்.

படத்தின் தரம் பற்றிக் கேட்கிறவர்களுக்கு: பளபளப்பை எதிர்பார்க்காதீர்கள். ஃபிலிமின் துகள் தெரியும், ஃபோகஸ் போய்ப் போய் வரும், எடுத்ததே அப்படித்தான், அதை மழுங்கத் தேய்க்காமல் விட்டதற்காக க்ரைடீரியனுக்கு நான் நன்றிதான் சொல்வேன். டிவிடியில் கலங்கலாக இருந்த மேபல் வீட்டுச் சாப்பாட்டு அறை ப்ளூ-ரேயில் மூலை முடுக்கெல்லாம் தெரிகிறது, அந்தத் தெளிவில் ஜீனாவின் கை விரல்கள் செய்யும் வேலை தனியாகத் தெரிய வருகிறது. ஒலிதான் சில இடங்களில் கரகர. ஒருவர் மேல் ஒருவர் பேசுவதால் ஆங்கில சப்டைட்டிலைப் போட்டுக்கொள்வது நல்லது, எனக்கு இரண்டாம் தடவைதான் பாதி வசனம் காதில் விழுந்தது.

கூடுதல் சமாச்சாரங்களில் முதலில் பார்க்க வேண்டியது ஜீனாவும் பீட்டர் ஃபால்க்கும் உட்கார்ந்து பழசைப் பேசும் வீடியோ. அதேபோல் 'ஓப்பனிங் நைட்' டிஸ்க்கில் ஜீனாவும் பென் கஸாராவும் பேசுகிறார்கள். இரண்டிலும் அவர் தன்னைப் பற்றிப் பேசுவது குறைவு, மற்றவர்களைப் பற்றித்தான் அதிகம். எனக்குக் குறையாகப் பட்டது ஒன்று: மேபல் படத்துக்கு ஓடும் குரல் விளக்கம் இசையும் ஒலியும் கவனித்த போ ஹார்வுட்டும் கேமரா பிடித்த மைக் ஃபெரிஸும் பேசியது. தகவல் நிறைய இருக்கிறது, ஆனால் எந்த லைட் எங்கே இருந்தது என்பதைவிட அந்த அறைக்குள் அவர் எப்படித் தயாரானார் என்று அவர் வாயாலேயே கேட்க வேண்டும் என்றிருந்தது. செட்டோடு வரும் 200 நிமிட ஆவணப்படமும் கசாவெட்டிஸைப் பற்றியது, ஜீனா அதில் சாட்சி சொல்ல வருகிறார். பெட்டியின் தலைப்பில் இருக்கும் சாய்வு உள்ளேயும் இருக்கிறது, இதுதான் என் ஒரே பெரிய புகார்.

செட்டில் இல்லாதவற்றையும் சொல்லியாக வேண்டும். இந்தப் பெட்டியை மட்டும் பார்த்தால் ஜீனா என்றால் உடைந்துபோகும் பெண் என்று முடிவு கட்டிவிடுவோம், அது உண்மையில்லை. 'க்ளோரியா' (1980) ஸ்டுடியோ எடுத்த படம் என்பதால் இதில் இல்லை. அதில் அவர் ஃபேஷன் வடிவமைப்பாளர் உங்காரோ தைத்த உடையில், ஹை ஹீல்ஸில், கைப்பையிலிருந்து துப்பாக்கியை எடுத்து நடுத்தெருவில் மாஃபியா காரைச் சுடுகிறார், பக்கத்தில் குடும்பத்தை இழந்த ஒரு பொடியன். இரண்டாவது ஆஸ்கர் பரிந்துரை அதற்குத்தான். 'மின்னி அண்ட் மாஸ்கோவிட்ஸ்' (1971) காதல் நகைச்சுவை, அதுவும் இல்லை. கணவர் இல்லாத வேலைகளும் ஏராளம். முன்னாள் அதிபரின் மனைவி பெட்டி ஃபோர்டாகத் தொலைக்காட்சிப் படத்தில் நடித்து 1987 இல் எம்மி வாங்கினார். வுடி ஆலனின் 'அனதர் வுமன்' (1988) படத்தில் சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கும் அந்நியப் பெண்ணின் குரலில் தன் வாழ்க்கையைக் கேட்கும் தத்துவப் பேராசிரியை, குரலை உயர்த்தாமலே படம் முழுவதும். ஜிம் ஜார்முஷின் 'நைட் ஆன் எர்த்' (1991) படத்தில் வினோனா ரைடர் ஓட்டும் டாக்சியின் பின் சீட்டில் உட்கார்ந்து போன் பேசிக்கொண்டே, ஓட்டுகிற பெண்ணைக் கண்ணாலேயே அளக்கும் காஸ்டிங் ஏஜெண்ட். மேபலாக இருந்தவரா இவர் என்று தோன்றும். இத்தனைக்கும் பிறகு 2015 இல்தான் ஆஸ்கர்காரர்கள் கௌரவ விருது கொடுத்தார்கள்.

யாருக்கு இந்தச் செட் ஒத்துவராது என்றால், கதை விறுவிறுவென்று நகர வேண்டும் என்பவர்களுக்கு. வீட்டில் மனநலம் பாதிக்கப்பட்ட ஒருவரைக் கவனித்துக்கொண்டிருப்பவர்கள் மேபல் படத்தைத் தனியாகப் பார்க்க வேண்டாம், கூட ஒருவர் இருக்கட்டும். நான் தனியாகப் பார்த்தேன், அன்றைக்குத் தூங்கவில்லை.

வாங்குவதற்கு முன் ஒரு விஷயத்தைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள். இந்த ப்ளூ-ரே ரீஜன் ஏ பூட்டு உள்ளது, அதாவது ரீஜன் ஏ என்ற வட்டாரத்து ப்ளேயரில் மட்டும்தான் ஓடும். சிங்கப்பூர், மலேசியா, கனடாவில் இருப்பவர்களுக்குப் பிரச்சினை இல்லை, அங்கே விற்கும் ப்ளேயரே அந்த ரீஜன்தான். இந்தியா ரீஜன் சி, ஐரோப்பா ரீஜன் பி, அங்கெல்லாம் எல்லா ரீஜனும் ஓடும் ப்ளேயர் வேண்டும். எனக்கு விற்றவர் இதைச் சொல்லவே இல்லை, முதல் டிஸ்க்கைப் போட்டதும் திரையில் பிழைச் செய்தி வந்தது, ப்ளேயரை மாற்றும்வரை பெட்டியின் கையேட்டை மட்டும்தான் படித்துக்கொண்டிருந்தேன். நல்ல கையேடு அது, இயக்குநர் மார்ட்டின் ஸ்கோர்செஸியின் அஞ்சலிக் குறிப்பும் உண்டு.

பணம் இடம் கொடுத்தால் இதோடு 'லவ் ஸ்ட்ரீம்ஸ்' (1984) டிஸ்க்கையும் சேர்த்து வாங்கிவிடுங்கள், க்ரைடீரியன் அதை 2014 இல் தனியாக வெளியிட்டது. பெர்லினில் முதல் பரிசான தங்கக் கரடி வாங்கிய படம், கசாவெட்டிஸும் ஜீனாவும் அண்ணன் தங்கையாக, பெரும்பாலும் அவர்களுடைய சொந்த வீட்டிலேயே எடுத்தது. தனியாக வாழும் அண்ணனுக்குத் துணை வேண்டும் என்று குட்டிக் குதிரைகள், ஆடு, நாய், கோழி எல்லாவற்றையும் டாக்சியில் ஏற்றிக்கொண்டு தங்கை வந்து இறங்குகிறாள், இதில் என்ன விசித்திரம் என்பதுபோல் ஜீனா அவற்றை ஒவ்வொன்றாக வீட்டுக்குள் நடத்திக் கூட்டிப் போகிறார். ஐந்து பட செட்டை முடித்து ஒரு வருஷம் கழித்துத்தான் இதை வாங்கினேன். அவ்வளவு நாள் விட்டிருக்கக் கூடாது.